பேட்மேனிலிருந்து ரால்ஸுக்கு எப்படிப் போவது?

கேள்வி: என் மகளுக்கு 16 வயது. சூப்பர் ஹீரோ காமிக்ஸ் என்றால் உயிர். பெரியவளானதும் சட்டம் படிக்கப் போவதாகச் சொல்கிறாள். இருவரும் சேர்ந்து நீதியைப் பற்றிப் படிக்கலாமே என்று அமெரிக்கத் தத்துவ அறிஞர் ஜான் ரால்ஸின் 'எ தியரி ஆஃப் ஜஸ்டிஸ்' புத்தகத்தை எடுத்தேன். இருபது பக்கத்துக்கு மேல் ஓடவில்லை. அவளோ மறுபடி பேட்மேனுக்கே போய்விட்டாள். காமிக்ஸை நிறுத்தச் சொல்லலாமா? எங்கே தொடங்குவது?

பதில்: நிறுத்தச் சொல்லாதீர்கள். அவள் இருக்கும் இடத்துக்கு நீங்கள் போவதுதான் சுலபம். போகும்போது ஒரே ஒரு கேள்வியைக் கையோடு கொண்டுபோங்கள்: "குற்றவாளி இவன்தான் என்று எப்படித் தெரிந்தது?"

சூப்பர் ஹீரோ கதையில் இந்தக் கேள்விக்குப் பெரும்பாலும் வேலையே இருக்காது. கொலை நடந்ததை மூன்றாம் பக்கத்தில் நாமே பார்த்திருப்போம். அதனால்தான் ஹீரோ அவனைத் தூக்கிச் சுவரில் அடிக்கும்போது மனசு குளிர்கிறது. நீதிமன்றத்துக்கு வரும் கதையில் அந்த மூன்றாம் பக்கம் கிழிந்திருக்கும். நீதிபதி குற்றத்தைப் பார்த்தவர் அல்ல. பார்த்திருந்தால் சாட்சிக் கூண்டில் ஏற வேண்டியவரே தவிர, தீர்ப்புச் சொல்ல வேண்டியவர் அல்ல. சாட்சியம், குறுக்கு விசாரணை, சந்தேகத்தின் பலன் எல்லாமே கிழிந்துபோன அந்த ஒரு பக்கத்தைத் தேடும் முயற்சிகள்தான். சட்டப் புத்தகங்கள் தடிமனாக இருப்பதற்கு ஒரு நல்ல காரணம் இது. (கெட்ட காரணங்களும் உண்டு. எழுதத் தெரியாத சட்டப் பேராசிரியர்கள் அதில் முதலிடம்.)

1938இல் வந்த 'ஆக்‌ஷன் காமிக்ஸ்' முதல் இதழை எடுத்துக்கொள்ளுங்கள். சூப்பர்மேன் அறிமுகமானது அதில்தான். நிரபராதிப் பெண் ஒருத்தி மின்சார நாற்காலிக்குப் போகவிருக்கிறாள். அவ்வளவு பலம் உள்ளவன் சிறைச்சாலையை உடைத்து அவளைத் தூக்கிக்கொண்டு பறக்கவில்லை. உண்மையான கொலைகாரியைக் கட்டிப் போட்டுவிட்டு, கையெழுத்திட்ட ஒப்புதல் வாக்குமூலத்தோடு ஆளுநரின் வீட்டுக்குப் போகிறான். அங்கே இரும்புக் கதவை உடைத்தாலும், தண்டனையை நிறுத்த ஆளுநரின் உத்தரவு அவனுக்கும் வேண்டியிருக்கிறது. இந்தப் பக்கங்களை மகளோடு உட்கார்ந்து பாருங்கள். பிறகு, அந்த வாக்குமூலத்தில் எப்படிக் கையெழுத்து வாங்கினான் என்று கேளுங்கள். ஒரு வழக்கறிஞர் முதலில் கேட்கும் கேள்வி அதுதான்.

அடுத்து 'டேர்டெவில்' (1964 முதல்). பகலில் வழக்கறிஞர், இரவில் முகமூடி. இரவில் தன் கையால் தண்டிப்பவன் பகலில் எந்த முகத்தோடு நீதிமன்றத்தில் வாதாடுவான்? இந்த முரண்பாட்டை வைத்தே நல்ல கதைகள் பல எழுதப்பட்டுவிட்டன. 'வாட்ச்மென்' (1986–87) இன்னும் ஆழமானது. காவல் காப்பவர்களை யார் காவல் காப்பது என்ற பழைய ரோமானியக் கேள்வியைச் சூப்பர் ஹீரோக்களின் மேலேயே திருப்புகிறது. ஆனால் அதில் வன்முறையும் பாலியல் வன்கொடுமையும் உண்டு. முதலில் நீங்கள் படியுங்கள், பிறகு கொடுக்கலாமா என்று முடிவெடுங்கள்.

காமிக்ஸிலிருந்து சட்டத்துக்குப் போக ஒரு பாலம் வேண்டுமென்றால், பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்து மறந்த சிலப்பதிகாரத்தை எடுங்கள். கொலைக்களக் காதையும் வழக்குரை காதையும் போதும். தேவியின் சிலம்பு கள்வன் கையில் இருக்குமானால் அவனைக் கொன்று சிலம்பைக் கொண்டுவரச் சொல்கிறான் பாண்டியன். "ஆகில்" என்று நிபந்தனை போட்டுத்தான் சொல்கிறான், சட்டப்படி குறையில்லை. ஆனால் அந்த "ஆகில்" உண்மையா என்று பார்க்க வேண்டிய வேலை, குற்றம் சாட்டிய பொற்கொல்லனோடு போகும் காவலர்களிடம் விடப்படுகிறது. உண்மையான திருடனே அந்தப் பொற்கொல்லன்தான். அரசன் ஆணையிடும் இடத்திலேயே இளங்கோ "தேரான் ஆகி" என்று ஒரு சொல் வைக்கிறார். அதாவது விசாரிக்காதவனாய். பிறகு கண்ணகி அவைக்கு வந்து "தேரா மன்னா" என்று தொடங்கும்போது அதே சொல் திரும்பி வந்து அடிக்கிறது. அவள் கொடுக்கும் சான்று எவ்வளவு சின்னது பாருங்கள்: சிலம்புக்குள் இருப்பது முத்தா, மாணிக்கமா? உடைத்துப் பார்க்கச் சில நொடி ஆகுமா? கோவலன் உயிரோடு இருந்தபோது அதைச் செய்ய யாருக்கும் தோன்றவில்லை.

அதோடு விடாதீர்கள். வழக்கில் வென்ற பிறகு கண்ணகி மதுரையை எரிக்கிறாள். ஊராருக்கு விசாரணை நடந்ததா? உங்கள் மகள் இதற்கு என்ன சொல்கிறாள் என்று கேளுங்கள். பேட்மேன் ரசிகைக்கு இதில் கட்டாயம் ஒரு கருத்து இருக்கும்.

இனி சட்டம். அடுத்த வாசிப்பு ஒரு கட்டுரைதான், புத்தகம்கூட அல்ல: அமெரிக்கச் சட்ட அறிஞர் லான் ஃபுல்லர் 1949இல் 'ஹார்வர்ட் லா ரெவ்யூ' இதழில் எழுதிய 'தி கேஸ் ஆஃப் தி ஸ்பெலன்சியன் எக்ஸ்ப்ளோரர்ஸ்'. கற்பனை வழக்கு, நடப்பது 4300ஆம் ஆண்டில். குகைக்குள் ஐந்து பேர் மாட்டிக்கொள்கிறார்கள், உணவு தீர்ந்துவிடுகிறது. ஒருவனைக் கொன்று தின்றால் மற்றவர்கள் பிழைக்கலாம் என்று யோசனை சொன்னவன் வெட்மோர். யாரைக் கொல்வது என்று பகடை உருட்டும் நேரத்தில் அவனே பின்வாங்குகிறான். அவனுக்காக வேறொருவன் உருட்டுகிறான், விழுந்தது வெட்மோருக்கே. பிழைத்து வந்த நால்வருக்கும் கொலைக் குற்றத்துக்கு மரண தண்டனை. மேல்முறையீட்டில் ஐந்து நீதிபதிகள், ஐந்து தீர்ப்புகள். ஒருவர் முடிவெடுக்க முடியாமல் விலகிக்கொள்கிறார்.

படிக்கும் முறை முக்கியம். வழக்கின் விவரம் முடிந்ததும் கட்டுரையை மூடிவிடுங்கள். இருவரும் தனித்தனியாக அரைப் பக்கத்தில் தீர்ப்பு எழுதுங்கள், ஒருவருக்கொருவர் காட்டாமல். பிறகு ஒரு நாளைக்கு ஒரு நீதிபதி. இப்படிப் படிக்கச் சொல்லி மாணவர்களுக்குப் பல ஆண்டுகளாகக் கொடுத்துவருகிறேன். முதலில் எழுதிய தீர்ப்பை ஐந்தாம் நாளும் மாற்றாமல் வைத்திருந்தவர்கள் குறைவு. அந்தச் சூட்டோடு 1884ஆம் ஆண்டு இங்கிலாந்தில் நடந்த டட்லி, ஸ்டீஃபன்ஸ் வழக்கைக் காட்டுங்கள். படகில் தத்தளித்த மாலுமிகள், கூட இருந்த 17 வயதுப் பையனைக் கொன்று தின்றார்கள், சீட்டுக்கூடக் குலுக்கவில்லை. உயிர்தப்ப வேறு வழியில்லை என்ற வாதத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. மரண தண்டனை விதித்தது. அது பிறகு ஆறு மாதச் சிறையாகக் குறைக்கப்பட்டது. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்துவிட்டால் சட்டக் கல்லூரியின் முதல் பருவத்தில் பாதி முடிந்த மாதிரி.

சட்டத்தின் ஆட்சி என்றால் என்ன என்று தெரிய டாம் பிங்ஹாமின் 'தி ரூல் ஆஃப் லா' (2010). இங்கிலாந்தின் தலைமை நீதிபதியாக இருந்தவர் பொது வாசகருக்காக எழுதிய சிறிய புத்தகம். அமர்த்தியா சென்னின் 'தி ஐடியா ஆஃப் ஜஸ்டிஸ்' (2009) பெரிய புத்தகம். இப்போதைக்கு மூன்று குழந்தைகளும் ஒரு புல்லாங்குழலும் வரும் பகுதி மட்டும் போதும்: வாசிக்கத் தெரிந்தவள் ஒருத்தி, விளையாட வேறெதுவும் இல்லாத ஏழை ஒருவன், அந்தக் குழலைச் செய்தவள் ஒருத்தி. யாருக்குக் கொடுப்பது?

கடைசியாக, பாதியில் நிற்கும் உங்கள் ரால்ஸ். நானும் முதல் தடவை முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் போய்த்தான் மாட்டிக்கொண்டேன். முன்னுரையைத் தாண்டிவிட்டுப் போனது என் தப்பு. எதைப் படித்தால் போதும் என்று ரால்ஸே அங்கே சொல்லியிருக்கிறார்: முதல் அத்தியாயத்தில் 1 முதல் 4 வரையிலான பிரிவுகள், அங்கிருந்து நேராக இரண்டாம் அத்தியாயத்தில் 11 முதல் 17, பிறகு மூன்றாம் அத்தியாயம் முழுவதும். அவர் சொல்லும் அறியாமைத் திரை அந்த மூன்றாம் அத்தியாயத்தில்தான் விரிகிறது: நாம் ஏழையா பணக்காரரா, திறமைசாலியா இல்லையா என்று தெரியாத நிலையில் சமூகத்துக்கு விதிகளை வகுக்கச் சொன்னால் எப்படி வகுப்போம்? அதற்குள் நுழையும் முன் மகளிடம் இப்படிக் கேட்டுப் பாருங்கள்: கதையில் நீ பேட்மேனா, அவனிடம் அடி வாங்கப் போகிறவனா என்று தெரியாது. அவனுக்கு என்னென்ன அதிகாரம் கொடுப்பாய்?