கடலில் முன்னோர் இருக்கலாமா?

கேள்வி: 'கடலில் எங்கள் முன்னோர்கள் இருக்கிறார்கள்' என்று சொல்லியே தென்னாப்பிரிக்காவின் கிழக்குக் கரையிலுள்ள பொன்டோலாந்து மக்கள் ஷெல் கம்பெனியின் எண்ணெய்த் தேடலை நிறுத்திவிட்டார்கள். இந்த மூடநம்பிக்கைக்கு நீதிமன்றமும் தலையாட்டலாமா? வேலையில்லாத பிள்ளைகள் என்ன செய்வது?
– ஒரு வாசகர், சாட்ஸ்வொர்த், டர்பன்

பதில்: ஐயா, உங்கள் வீட்டில் ஒருவர் காலமானால் அஸ்தியை எங்கே கரைக்கிறீர்கள்? டர்பனில் நம்மவர் பலர் போவது உம்கேனி ஆறு கடலில் சேரும் புளூ லகூனுக்குத்தான். நாளைக்கே அங்கே ஒரு கப்பல் வந்து, சில விநாடிக்கு ஒரு தடவை தண்ணீருக்குள் வெடிச்சத்தம் போட்டால், நீங்கள்தான் முதல் ஆளாக மனு எழுதுவீர்கள்.

சரி, வழக்குக்கு வருவோம். நீதிபதிகள் சாமியாடி ஒன்றும் தீர்ப்புச் சொல்லவில்லை. 2021 டிசம்பரில் மக்காண்டா உயர் நீதிமன்றம், இப்படிக் கடலுக்குள் வெடிச்சத்தம் போட்டு எண்ணெய் தேடும் ஆய்வுக்குத் தடை போட்டது, 2022 செப்டம்பரில் தேடும் உரிமையையே சட்டத்துக்குப் புறம்பானது என்று ரத்து செய்தது. முன்னோர் நம்பிக்கையையும் மீன்பிடிப் பிழைப்பையும் சேர்த்தே எடைபோட்டார்கள் என்பது உண்மைதான். ஆனால் கம்பெனித் தரப்பு வசமாக மாட்டிக்கொண்ட இடம் வேறு: பரம்பரைத் தலைவர்களிடம் பேசிவிட்டு, ஊரிடமே பேசிவிட்டதாகக் கணக்குக் காட்டியது. அறிவிப்பு போட்டது ஆங்கில, ஆப்ரிக்கான்ஸ் பத்திரிகைகளில், அங்கே கரையில் மீன் பிடிப்பவர்கள் பேசுவதோ கோசா மொழி! 2024இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அந்த உரிமை செல்லாது என்றுதான் சொன்னது, ஆனாலும் உரிமையைப் புதுப்பிக்கக் கேட்டிருந்த மனு முடியும்வரை ரத்து உத்தரவை நிறுத்திவைத்து ஒரு சந்து விட்டது (எனக்கு அது பிடிக்கவில்லை).

அதே கரையில் சொலொபேனி ஊர் டைட்டேனியம் மணல் சுரங்கத்தை எதிர்த்து எத்தனை வருஷம் போராடியது தெரியுமா? அதில் முன்னால் நின்ற 'பசூக்கா' ரடேபே 2016 மார்ச்சில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2018இல்தான், ஊர் சம்மதிக்காமல் சுரங்க உரிமை கொடுக்கக்கூடாது என்று பிரிட்டோரியா நீதிமன்றம் சொன்னது. அங்கேயும் சுரங்கம் வேண்டும் என்பவர்கள் உண்டு, மறைக்கவில்லை. அவர்களையும் சேர்த்துக் கேட்டு முடிவெடு என்பதுதானே வழக்கு?

அப்புறம், கேட்பது சாட்ஸ்வொர்த்காரர் என்பதால் சொல்கிறேன். டர்பனின் கேட்டோ மேனரில் நாம் வைத்திருந்த வீட்டையும் தோட்டத்தையும், இனம் பிரித்துக் குடியமர்த்திய குரூப் ஏரியாஸ் சட்டம் பிடுங்கியபோது நம் தாத்தா பாட்டியிடம் யார் சம்மதம் கேட்டார்கள்? அப்படித் துரத்தப்பட்ட நம்மவரைக் குடியேற்ற முளைத்ததுதான் உங்கள் சாட்ஸ்வொர்த்.

வேலை பற்றிய கேள்வி நியாயமானது. ஆனால் அதைக் கேட்க வேண்டியது பிரிட்டோரியாவில் உட்கார்ந்திருக்கும் அமைச்சரிடம். பாறையில் சிப்பி பொறுக்கிப் பிழைக்கிற அம்மாக்களிடம் போய் ஏன் கேட்கிறீர்கள்?