ஐயாவின் டிரங்குப் பெட்டி

கேள்வி: எங்கள் ஐயாவுக்கு 78 வயது. ராணுவத்தில் லாரி ஓட்டியவர். 1971 பாகிஸ்தான் போரின்போது திரிபுராவில் அகர்தலா பக்கம் இருந்திருக்கிறார். அவர் சொல்வதை போனில் பதிவு செய்து வைக்க ஆசை. "போரைப் பத்திச் சொல்லுங்க ஐயா" என்றால், "என்னத்தச் சொல்ல, வண்டி ஓட்டுனேன்" என்று எழுந்து போய்விடுகிறார். அப்பத்தாவோ, "அவரைக் கிண்டாதே" என்கிறார். என்ன செய்யலாம்?
ஒரு பேத்தி, தேவகோட்டை

பதில்: ஐயா சரியாகத்தான் சொல்லியிருக்கிறார் அம்மா. நீங்கள் கேட்டதுதான் ரொம்பப் பெரிய கேள்வி. டிசம்பர் 16 அன்று டாக்காவில் பாகிஸ்தான் படையினர் சரணடைந்தார்கள், சுமார் 93,000 பேர் கைதானார்கள் என்பதெல்லாம் புத்தகத்திலேயே இருக்கிறது. வண்டி சேற்றில் புதைந்தால் சக்கரத்துக்கு அடியில் எதைப் போட்டார்கள், தினமும் ரொட்டி தின்று அலுத்தவருக்கு வீட்டுச் சோறு எப்போது ஞாபகம் வந்தது, அப்பத்தாவின் கடிதத்தை யார் கொண்டுவந்து கொடுத்தார்கள் என்பதெல்லாம் எந்தப் புத்தகத்திலும் இல்லை.

ஐயாவிடம் கறுப்பு டிரங்குப் பெட்டி ஒன்று இருக்கும், பாருங்கள். மூடியில் ராணுவ எண்ணும் பெயரும் வெள்ளைப் பெயிண்டில் எழுதியிருக்கும். அதைக் கொண்டுவந்து முன்னால் வைத்து, "இதை யார் எழுதினது ஐயா?" என்று மட்டும் கேளுங்கள். பெட்டியைத் திறந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

செட்டிநாட்டுப் பழைய வளவு வீடு என்றால் நடுவாசலில் உட்கார்ந்து பதிவு செய்யாதீர்கள். தூணும் ஆத்தங்குடிக் கல் பதித்த தரையும் குரலை எதிரொலிக்கும். துணியும் பாயும் அடைந்த சின்ன அறைதான் நல்லது. காலையில் காபி முடிந்ததும் உட்காருங்கள், முக்கால் மணி நேரம் போதும். போனை ஏரோபிளேன் மோடில் போட்டுவிடுங்கள். முதலில் தேதி, ஊர், பேசுபவர் பெயர், உங்கள் பெயர் நான்கையும் சொல்லிவிட்டு ஆரம்பியுங்கள். ஐயா தேதியை மாற்றிச் சொன்னால் இடையில் திருத்தாதீர்கள், பிறகு குறித்துக்கொள்ளலாம். பேச்சு நின்றால் நீங்களும் பேசாமல் இருங்கள். நம் பிள்ளைகளுக்கு இதுதான் கஷ்டம்!

அப்பத்தா சொல்வதையும் தள்ளிவிட முடியாது. அன்றிரவு தூக்கம் கெட்டால், கை நடுங்கினால் நிறுத்திவிடுங்கள், மருத்துவரிடம் கேளுங்கள். இறந்துபோன கூட்டாளிகள் பெயர் வரும். அதை யாரெல்லாம் கேட்கலாம் என்பதை ஐயாதான் சொல்ல வேண்டும். வாட்ஸ்அப் குடும்பக் குழுவில் போட்டுவிட்டு அப்புறம் அனுமதி கேட்காதீர்கள்.

என் கதை ஒன்று. எங்கள் தெருவில் மலேயாவில் இந்திய தேசிய ராணுவத்தில் இருந்த பெரியவர் ஒருவர் இருந்தார். இரண்டு கேசட் பதிவு செய்தேன். யாரோ அதிலேயே கல்யாண நாதஸ்வரத்தைப் பிடித்துவிட்டார்கள். அவர் குரல் கடைசியில் கொஞ்சம், "சரி, விளக்கைப் போடு" என்பது வரை மட்டும் மிஞ்சியது. அதனால்தான் சொல்கிறேன், அன்றன்றே மூன்று பிரதி எடுங்கள், ஒன்று வெளியூர்ச் சொந்தத்திடம் இருக்கட்டும். பக்கத்துக் கோட்டையூரில் ரோஜா முத்தையா என்பவர் புத்தகங்களோடு கல்யாணப் பத்திரிகைகளைக்கூட விடாமல் சேர்த்தார். அந்தச் சேகரிப்புதான் இன்று சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக நிற்கிறது.

அப்பத்தாவையும் பக்கத்தில் உட்கார வையுங்கள். கடிதத்துக்காக இங்கே காத்திருந்தவர் அவர்தானே. ஐயா மறந்ததை அவர் எடுத்துக் கொடுப்பார், சண்டையும் போடுவார். அதுவும் பதிவாகட்டும்.