ஒரே மேசையில் இருக்கும் மருந்துகளுக்கு இரண்டு கணக்கு ஏன்?

கேள்வி: என் அம்மாவுக்கு வயது 71. நியூ ஜெர்சி மாநிலம் எடிசனில் எங்களுடன் இருக்கிறார். முக்கியமாக முதியோருக்கான அமெரிக்க அரசுக் காப்பீடான மெடிகேரில், மருத்துவர் செலவுக்கும் வெளிநோயாளிச் சிகிச்சைக்குமான பகுதி பி-யும், மருந்துக்கென்று தனியாக ஒரு பகுதி டி திட்டமும் அவருக்கு உண்டு. ஆஸ்துமாவுக்கு நெபுலைசரும் இன்ஹேலரும், சர்க்கரைக்கு இன்சுலின் பேனாவும் பயன்படுத்துகிறார். சென்ற மாதம் மருந்துக் கடையில் இன்ஹேலருக்குக் காப்பீடு கிடைத்தது. நெபுலைசர் மருந்து மட்டும் "உங்கள் திட்டத்தில் இல்லை" என்று சொல்லப்பட்டதால், கைக்காசு கொடுத்து வாங்கி வந்தோம். இரண்டிலும் இருப்பது அல்ப்யூட்டரால் என்ற ஒரே மருந்துதானே? — வாசகி, எடிசன்

பதில்: ஒரே மருந்துதான். நம் ஊர் மருத்துவர்கள் சால்ப்யூட்டமால் என்று எழுதுவதும் அதையேதான். ஆனால் மெடிகேர் மருந்தின் பெயரை மட்டும் பார்த்துக் கணக்குப் பிரிப்பதில்லை. அம்மருந்து எந்த வழியாக, யார் கையால், எந்த நோய்க்காக உடலுக்குள் செல்கிறது என்பதைப் பார்த்தே பிரிக்கிறது.

இதற்குக் காரணம் பழையது. 1965-இல் மெடிகேர் சட்டமானபோது, வீட்டில் நாமே விழுங்கும் மாத்திரைகளுக்கு அதில் இடமில்லை. மருத்துவமனையிலோ மருத்துவரின் அறையிலோ போடப்படும் ஊசி மருந்துகளைப் போன்றவையே அதற்குள் வந்தன. வீட்டு மருந்துகளுக்கான பகுதி டி 2003-இல் சட்டமாகி, 2006 ஜனவரியில்தான் நடைமுறைக்கு வந்தது. இடைப்பட்ட நாற்பது ஆண்டுகளில், மிக அவசியம் என்று தோன்றிய சில மருந்துகளை மட்டும் ஒவ்வொன்றாகப் பகுதி பி-யில் சேர்த்துக்கொண்டே வந்தார்கள். அதனால்தான் அந்தப் பட்டியல் ஒரே ஒழுங்கில் அமையாமல், வயதானவர்களையும் அவர்களைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைகளையும் இப்படிக் குழப்புகிறது.

தங்கள் தாயாரின் நெபுலைசர், வீட்டில் வைத்துப் பயன்படுத்தும் மருத்துவக் கருவி என்ற வகையில் பகுதி பி-யைச் சேர்ந்தது. அதில் ஊற்றும் மருந்தும் கருவியோடு சேர்ந்து அங்கேயே போய்விடுகிறது. கையில் பிடித்து உறிஞ்சும் இன்ஹேலர் பகுதி டி. சாப்பாட்டு மேசையில் மற்றவற்றையும் எடுத்து வைத்துப் பாருங்கள்: சர்க்கரை பார்க்கும் கருவியும் அதன் ஸ்ட்ரிப்பும் பகுதி பி, இன்சுலின் பேனாவும் அதன் ஊசியும் பகுதி டி. அதே இன்சுலினைப் பம்ப் வழியாகச் செலுத்தினால், பம்பின் வகையைப் பொறுத்து அது பகுதி பி-க்கு மாறிவிடலாம். எந்தப் பகுதியில் வந்தாலும், காப்பீட்டில் உள்ள ஒரு இன்சுலினுக்கு மாதம் 35 டாலருக்கு மேல் வாங்கக் கூடாது என்பது 2023 முதல் சட்டம்.

ஆகவே, கடைக்காரர் பெரும்பாலும் நெபுலைசர் மருந்துக்கான கோரிக்கையைப் பகுதி டி திட்டத்துக்கு அனுப்பியிருப்பார். அது திரும்பி வந்திருக்கும். மறுபடியும் அந்தக் கடைக்குச் சென்று, "மெடிகேர் பகுதி பி-க்கு அனுப்புகிறீர்களா, அதற்குப் பதிவு பெற்றிருக்கிறீர்களா" என்று நேரடியாகக் கேளுங்கள். பதிவு இல்லாத கடை என்றால் பதிவுள்ள வேறு கடைக்கு மாறுவதே வழி. மருந்துச் சீட்டில் நோயின் பெயரும் குறியீடும் இருக்க வேண்டும். பதிவுள்ள கடைதான் என்றால், கொடுத்த பணத்தை விட்டுவிட வேண்டாம். மருந்து வாங்கிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் பகுதி பி-க்குக் கோரிக்கை அனுப்ப இடமுண்டு. ரசீதைப் பத்திரமாக வைத்திருங்கள்.

இந்தப் பிரிவினை பெரிய நோய்களில் இன்னும் கவனிக்க வேண்டியது. மெத்தோட்ரெக்சேட் மாத்திரையைப் புற்றுநோய்க்கு எழுதினால் பகுதி பி, முடக்குவாதத்துக்கு எழுதினால் பகுதி டி. சிறுநீரகம் மாற்றிக்கொண்டவர் வாழ்நாள் முழுதும் உண்ணும் எதிர்ப்பாற்றல் குறைப்பு மருந்துகள், அறுவைச் சிகிச்சை நடந்த நாளில் அவருக்குப் பகுதி ஏ, அதாவது மெடிகேரின் மருத்துவமனைக் காப்பீடு, இருந்திருந்தால் பகுதி பி-யில் வரும். இல்லாவிட்டால் பகுதி டி-யில் வரும்.

பணத்திலும் வேறுபாடு பெரிது. பகுதி பி-யில் 2026-ஆம் ஆண்டுக்கு முதல் 283 டாலரை நாம் கட்டிய பிறகு, பெரும்பாலான மருந்துகளில் 20 விழுக்காடு நம் பொறுப்பு. அதற்கு ஆண்டு உச்சவரம்பு கிடையாது. பகுதி டி-யில் பட்டியலில் உள்ள மருந்துகளுக்கு இவ்வாண்டு 2,100 டாலர் எட்டியதும் மேற்கொண்டு எதுவும் கட்ட வேண்டியதில்லை. பகுதி பி-யில் நாம் கட்டுவது இந்த 2,100-இல் சேராது. விலை உயர்ந்த ஊசி மருந்தில் இருக்கும் ஒருவருக்கு அந்த 20 விழுக்காடு குடும்பத்தையே அசைத்துவிடும் என்பதால், அதை ஏற்கும் மெடிகேப் துணைக் காப்பீட்டைப் பகுதி பி தொடங்கிய முதல் ஆறு மாதத்துக்குள், அதாவது உடல்நிலையைக் காரணம் காட்டி மறுக்க முடியாத காலத்திலேயே, எடுத்துவிடுவது நல்லது என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: என் தந்தை நெஞ்சு வலியோடு ஓரிரவு மருத்துவமனையில் இருந்தார். அவர் தினமும் சாப்பிடும் ரத்த அழுத்த மாத்திரைக்கும் கொழுப்பு மாத்திரைக்கும் தனியாகப் பணம் கேட்டிருக்கிறார்கள். இது சரியா? — வாசகர், டாலஸ்

பதில்: மனத்துக்கு ஒப்பாவிட்டாலும், விதிப்படி நடக்கக்கூடியதே. கட்டிலில் படுத்திருந்தாலும் அவரை உள்நோயாளியாகச் சேர்க்காமல், "கண்காணிப்பு" என்ற பெயரில் வெளிநோயாளியாகவே வைத்திருந்திருப்பார்கள். அந்நிலையில் வழக்கமாக நாமே உண்ணும் மாத்திரைகளைப் பகுதி பி ஏற்காது. மருத்துவமனையிலிருந்து மருந்து வாரியாகப் பிரித்த ரசீதை வாங்கி, தந்தையின் பகுதி டி திட்டத்துக்கு அனுப்புங்கள். முழுத்தொகை வராமல் போகலாம், ஆனாலும் ஒரு பகுதி திரும்பக் கிடைக்க வாய்ப்பு உண்டு. இனி அப்படி நேர்ந்தால், "உள்நோயாளியா, கண்காணிப்பா" என்று முதல் நாளே கேட்டுவிடுங்கள்.

கேள்வி: ஆறு மாதம் மதுரையில் தங்கப் போகிறோம். அங்கே வாங்கும் மாத்திரைகளுக்குப் பகுதி டி-யில் பணம் பெறலாமா? — வாசகர், சான் ஹோசே

பதில்: பெற முடியாது. அமெரிக்காவுக்கு வெளியே வாங்கும் மருந்துகளைப் பகுதி டி ஏற்பதில்லை. புறப்படும் முன் திட்டத்தை அழைத்து, பயணத்துக்காகக் கூடுதல் நாட்களுக்கு மருந்து கேளுங்கள். 90 நாள் மருந்து பல திட்டங்களில் எளிதாகக் கிடைக்கும். மாதக் கட்டணம் வீண் என்று எண்ணிப் பகுதி டி-யை விட்டுவிட வேண்டாம். அதற்கு ஈடான வேறு காப்பீடு இல்லாமல் தொடர்ந்து 63 நாட்கள் கழிந்தால், பின்னர் சேரும்போது கட்டணத்தோடு அபராதமும் சேர்ந்து, பெரும்பாலும் வாழ்நாள் முழுதும் தொடரும். தங்களுடையது தனியார் நிறுவனம் வழியாக மெடிகேர் பெறும் அட்வான்டேஜ் திட்டம் என்றால், ஆறு மாதத்துக்கு மேல் தொடர்ந்து வெளியே இருப்பவரைத் திட்டம் நீக்கிவிடக்கூடும். திரும்பும் தேதியைக் குறிக்கும்போது இதையும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.