காத்தி, வீசை, பாட்: கிலோவில் எவ்வளவு?

தென்கிழக்காசியப் பழைய எடைகளைப் பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். பினாங்கில் ஒரு மொத்த மளிகைக் கடையில் பல வருடம் கணக்கு எழுதியவன் நான். படித்துக் கற்றதைவிடத் தப்புப் போட்டுக் கற்றதுதான் அதிகம். முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். எடையின் பெயரை மட்டும் எழுதி "இது எத்தனை கிராம்?" என்று கேட்காதீர்கள். எந்த ஊர், என்ன சரக்கு, எந்தக் காலத்துக் கணக்கு, இந்த மூன்றையும் சேர்த்து எழுதுங்கள். ஒரே பெயருக்கு ஊருக்கு ஓர் எடை இருக்கிறது.

கேள்வி: பினாங்கு சந்தையில் ஒரு அங்கிள் இறால் "காத்தி 24 ரிங்கிட்" என்றார். பக்கத்துக் கடைப் பலகையில் "கிலோ 38". எது மலிவு?

பக்கத்துக் கடை. ஐந்து காத்தி மூன்று கிலோ, இதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். காத்தி விலையை மூன்றால் வகுத்து ஐந்தால் பெருக்கினால் கிலோ விலை வந்துவிடும்: 24, எட்டு, நாற்பது. கிலோ விலையிலிருந்து காத்திக்குப் போக, ஐந்தால் வகுத்து மூன்றால் பெருக்குங்கள்.

துல்லியமாகச் சொன்னால் மலேசியா, சிங்கப்பூர் காத்தி 604.79 கிராம். ஒன்றே முக்கால் அல்ல, ஒன்றேகால் அல்ல, ஒன்றும் மூன்றில் ஒரு பங்கும் பவுண்ட் என்று வெள்ளைக்காரன் காலத்தில் வரையறுத்தார்கள். அதனால்தான் இந்த விநோத எண். இறால் வாங்க 600 போதும்.

மலேசியாவில் எடை அளவுச் சட்டம் வந்தது 1972இல். அப்புறம் தராசுகள் மாறின, வாய் மாறவில்லை. அறுபது தாண்டிய வியாபாரி இன்றும் காத்தியில்தான் விலை யோசிப்பார். ஆபத்து எங்கே என்றால், விலையைக் காத்தியில் சொல்லி, எடையைக் கிலோத் தராசில் பார்க்கும் இடத்தில். ஒரு முறை 50 கிலோ நெத்திலிக் கருவாட்டுக்கு, காத்தி விலையான 9 ரிங்கிட்டைக் கிலோவுக்குப் போட்டுப் பில் எழுதிவிட்டேன். கிலோவுக்கு 15 போட்டிருக்க வேண்டும். 300 ரிங்கிட் நஷ்டம், என் சம்பளத்தில்தான் கழிந்தது. அன்றிலிருந்து எண்ணுக்குப் பக்கத்தில் அளவின் பெயரை எழுதாமல் எந்தச் சீட்டையும் கையை விட்டு விடுவதில்லை.

கேள்வி: என் பாட்டி ரங்கூனில் பிறந்து வளர்ந்தவர். அவர் நோட்டில் மொய்ங்கா (பர்மிய மீன் நூடுல்ஸ் குழம்பு) செய்முறை இருக்கிறது: "கெளுத்தி மீன் கால் வீசை, வெங்காயம் 20 டிக்கல், நாப்பி 2 டிக்கல்." இணையத்தில் வீசை என்றால் 1.4 கிலோ என்று போட்டிருக்கிறது. அப்படியே வைத்துக்கொள்ளலாமா?

கூடாது. இந்த வாரம் வந்ததில் எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இதுதான்.

1.4 கிலோ என்பது சென்னை வீசை. 120 தோலா எடை. தோலா என்பது 11.66 கிராம். பர்மா வீசை 140 தோலா, அதாவது 1.633 கிலோ. ஆங்கிலேயர் பர்மிய எடையை 'விஸ்' என்று எழுதியது நம் வீசை என்ற சொல்லைத்தான். பர்மியர் தங்கள் மொழியில் அதைப் பெய்த்தா என்பார்கள். சொல் நம்முடையது, எடை அவர்களுடையது, குழப்பம் அங்கேதான் தொடங்குகிறது.

உங்கள் பாட்டி எந்த வீசையில் அளந்தார் என்பதை நோட்டே சொல்லிவிடுகிறது. வீசைக்குக் கீழே அவர் என்ன அளவு எழுதியிருக்கிறார் என்று பாருங்கள். சென்னை வீசையை 40 பலமாகப் பிரிப்போம். எட்டுப் பலம் ஒரு சேர், ஐந்து சேர் ஒரு வீசை. பர்மா வீசையை நூறாகப் பிரிப்பார்கள். அந்த நூறில் ஒரு பங்குதான் டிக்கல், பர்மிய மொழியில் சாட்டா, 16.33 கிராம். பாட்டி பலம் என்று எழுதவில்லை, டிக்கல் என்று எழுதியிருக்கிறார். ஆகவே ரங்கூன் வீசைதான்.

மீன் 408 கிராம், வெங்காயம் 327 கிராம், நாப்பி (புளிக்க வைத்த மீன், இறால் விழுது) 33 கிராம். வாழைத்தண்டைப் பற்றி ஒன்றும் எழுதவில்லையா? அது இல்லாமல் மொய்ங்கா கிடையாது. அடுத்த பக்கத்தைப் புரட்டிப் பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. பர்மாவிலிருந்து திரும்பிய பிறகு தமிழ்நாட்டில் உட்கார்ந்து எழுதிய பக்கங்களும் அதே நோட்டில் இருக்கலாம். சாம்பார்ப் பொடி, வடகம் மாதிரியான குறிப்புகளில் "பலம்" தலைகாட்டினால் அங்கே 35 கிராம் என்று போடுங்கள். ஒரே கையெழுத்தில் இரண்டு வீசை இருப்பது அதிசயமே இல்லை. மியன்மார்ச் சந்தையில் இன்றைக்கும் காய்கறி வீசைக் கணக்கில்தான் போகிறது, அதனால் அந்த ஊர்க்காரர் யாரையாவது கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு சொல்வார்.

கேள்வி: பாங்காக்கில் தங்கச் சங்கிலி வாங்கப் போகிறோம். "ஒரு பாட்" என்றால் எத்தனை பவுன்? நம் ஊர் விலையோடு எப்படி ஒப்பிடுவது?

பாட் என்பது தாய்லாந்தின் பணமும்தான், எடையும்தான். எடைதான் முதலில்; அந்த எடை வெள்ளி பணமாக இருந்தது, பெயர் பணத்துக்கு ஒட்டிக்கொண்டது. மியன்மாரின் சாட் பணமும் அப்படியே. ஆகவே "ஒரு பாட் தங்கம்" என்று பலகையில் பார்த்துவிட்டுச் சில்லறையைத் தேடாதீர்கள்.

நகையாக இருந்தால் ஒரு பாட் 15.16 கிராம். கட்டியாக இருந்தால் 15.244 கிராம். நான்கில் ஒரு பங்கு ஸலுங், நகையில் 3.79 கிராம். மெல்லிய மோதிரமெல்லாம் ஸலுங் கணக்கில்தான் கிடைக்கும்.

எட்டு கிராம் பவுனால் வகுத்தால் ஒரு பாட் 1.9 பவுன் என்று வரும். இங்கேயே நிறுத்திவிட்டு ஊருக்குப் போன் போட்டு விலை கேட்கிறவர்கள்தான் அதிகம். தரத்தைப் பார்க்க வேண்டாமா? தாய்லாந்துக் கடைத் தங்கம் 96.5 சதவீதம், நம் கணக்கில் 23 காரட்டுக்குக் கொஞ்சம் மேலே. நம்முடையது 916, அதாவது 22 காரட். ஒரு பாட் நகைக்குள் இருக்கும் சொக்கத் தங்கம் 15.16 × 0.965 = 14.63 கிராம். நம் ஒரு பவுன் நகைக்குள் 8 × 0.916 = 7.33 கிராம். இரண்டாவதால் முதலாவதை வகுத்துப் பாருங்கள், கிட்டத்தட்ட சரியாக 2. எடையில் 1.9 பவுனாக இருக்கும் அந்தச் சங்கிலி, தங்க மதிப்பில் முழு இரண்டு பவுன். நான் இதை முதல் முறை கணக்குப் போட்டபோது கால்குலேட்டரைத் தட்டித் தட்டிப் பார்த்தேன்.

ஆகவே ஒப்பிடும் வழி இது: அங்கே ஒரு பாட் நகையின் விலை, இங்கே இரண்டு பவுன் நகையின் விலை. செய்கூலியை இரண்டு பக்கமும் தனியாக எழுதிக்கொள்ளுங்கள். யாவோராத் தெருச் சிவப்புக் கடைகளில் பலகையில் நான்கு விலை தொங்கும்: கட்டிக்கு இரண்டு, நகைக்கு இரண்டு, வாங்குவதற்கு ஒன்று, விற்பதற்கு ஒன்று. நீங்கள் நகையின் விற்பனை விலையைத்தான் பார்க்க வேண்டும். ஊரில் பிற்பாடு மாற்றப் போனால் 96.5 என்ற தரம் நம் கடைக்காரருக்குப் பழக்கமில்லாதது, வெறும் 22 காரட் என்று போட்டுவிடப் பார்ப்பார். எதிரிலேயே உரைத்துக் காட்டச் சொல்லுங்கள்.

கேள்வி: சீன மருந்துச் சூப் குறிப்பில் "ஒரு லியாங்" என்று இருக்கிறது. 50 கிராம் போட்டேன், கசந்துவிட்டது.

கசக்கத்தான் செய்யும். 50 கிராம் லியாங் இன்றைய சீனத்தின் சந்தை அளவு. அங்கே பத்து லியாங் ஒரு ஜின், ஒரு ஜின் 500 கிராம். பழைய முறையில் பதினாறு லியாங்தான் ஒரு ஜின். "அரை ஜின், எட்டு லியாங்" என்று சீனத்தில் ஒரு பழமொழி உண்டு, இரண்டும் ஒன்றுதானே என்று அர்த்தம். இன்றைய கணக்கில் அரை ஜின் ஐந்து லியாங்தான், பழமொழி மட்டும் பழைய தராசிலேயே நிற்கிறது.

மலேசியா, சிங்கப்பூர், ஹாங்காங்கில் பதினாறு முறைதான்; அங்கே லியாங்கை மலாயில் தாஹில் என்பார்கள், 37.8 கிராம். தைவானில் 37.5. சீனத்திலேயே மருந்துக்கு மட்டும் தோராயமாக 30 கிராம் என்று வைத்துக்கொண்டார்கள். உங்கள் குறிப்பு சிங்கப்பூர்ப் பக்கத்துப் புத்தகத்தில் வந்திருந்தால் 38 கிராம். ஆனால் சமையலுக்குச் சரி, மருந்துக்கு என்னைக் கேட்காதீர்கள். அதை மருந்துக்கடைச் சீனரிடம் காட்டுங்கள். அவர் தந்தம் போல வெளுத்த எலும்புக் குச்சியில் புள்ளி வைத்த சின்ன வெள்ளிக்கோலை, அதாவது கைத்தராசை, வயலின் வடிவ மரப்பெட்டியிலிருந்து எடுத்து நிறுத்துத் தருவார். அதைப் பார்ப்பதற்காகவே போகலாம்.

கேள்வி: இந்தோனேசிய கேக் குறிப்பில் "2 ஓன்ஸ் சர்க்கரை". 56 கிராம் போட்டேன், இனிப்பே இல்லை.

இந்தோனேசிய ஓன்ஸ் 100 கிராம். டச்சுக்காரர் விட்டுப்போன பழக்கம். 200 கிராம் போடுங்கள். அந்த ஊர்க் குறிப்பில் "போன்" என்று வந்தால் அது 500 கிராம், ஆங்கிலப் பவுண்ட் அல்ல.

கேள்வி: தாய்லாந்துச் சந்தையில் "கீத்" என்கிறார்கள், வியட்நாமில் "லாங்" என்கிறார்கள். என்ன அது?

இரண்டும் 100 கிராம். கீத் என்றால் கோடு, தராசு முகத்தில் கிலோவைப் பத்தாகப் பிரிக்கும் கோடு. வியட்நாமில் தங்கக் கடைக்குள் நுழைந்தால் மட்டும் கதை மாறிவிடும். அங்கே லுவாங் என்பது 37.5 கிராம், அதில் பத்தில் ஒன்று சி, 3.75 கிராம்.

கேள்வி: தாத்தாவின் தோட்டக் கணக்குச் சீட்டு ஒன்று கிடைத்தது. "3 பிக்குள் 42 காத்தி 8 தாஹில்" என்று இருக்கிறது. அவர் மலாயாவில் இருந்தாரா, சுமத்ராவில் இருந்தாரா என்று வீட்டில் யாருக்கும் தெரியவில்லை.

நூறு காத்தி ஒரு பிக்குள். பிக்குள் என்றால் மலாயில் தோளில் தூக்குவது, ஓர் ஆள் சுமை. எட்டு தாஹில் அரைக் காத்தி. ஆக மொத்தம் 342.5 காத்தி.

மலாயா என்றால் பிக்குள் 60.48 கிலோ. உங்கள் கணக்கு 207.1 கிலோ. டச்சுக்காரர் ஆண்ட சுமத்ரா என்றால் பிக்குள் 61.76 கிலோ, கணக்கு 211.5 கிலோ. சீட்டு எந்த மொழியில் அச்சடித்தது என்று பாருங்கள், ஆங்கிலமா, டச்சா? அதுவே பதில். சுமத்ராவின் டெலிப் பக்கத்துப் புகையிலைத் தோட்டங்களுக்குத் தமிழர்கள் போனது உண்மை, மெடானில் கம்போங் மெட்ராஸ் என்ற பேட்டை இன்றும் இருக்கிறது. சரக்கின் பெயர் புகையிலை என்றிருந்தால் எனக்குச் சுமத்ரா சந்தேகம் வலுக்கும்.

சீட்டில் "கோயான்" என்று எங்காவது வந்தால் பதறாதீர்கள். 40 பிக்குள் ஒரு கோயான், மலாயாக் கணக்கில் 2,419 கிலோ. காத்தியை 600 கிராம் என்று போட்டால் கோயானுக்கு 19 கிலோ துண்டு விழும். இறாலுக்குப் பரவாயில்லை, கப்பல் அரிசிக்குப் பரவாயில்லையா?

கேள்வி: மலேசியாவின் கெடாவில் "ஒரு கந்தாங் நெல்" என்றால் எத்தனை கிலோ?

கந்தாங் எடை அல்ல, நம் படி, மரக்கால் போல முகத்தலளவை. ஒரு இம்பீரியல் கேலன், 4.546 லிட்டர். அரிசியாக இருந்தால் மூன்றரைக் கிலோவுக்குச் சற்று மேலே, நெல்லாக இருந்தால் சுமார் இரண்டரைக் கிலோ. ஈரப்பதத்துக்கு ஏற்ப ஏறும், இறங்கும். இதைக் கிராம் வரை துல்லியமாகக் கேட்டால் யாராலும் சொல்ல முடியாது.

கேள்வி: இந்தோனேசியாவின் ஆச்சேயில் நண்பர் கல்யாணம். மஹர் (மாப்பிள்ளை பெண்ணுக்குத் தருவது) "10 மாயம் தங்கம்" என்றார்கள். நம் கணக்கில்?

ஆச்சே மாயம் சுமார் 3.3 கிராம். பத்து மாயம் 33 கிராம், நாலு பவுனுக்குக் கொஞ்சம் மேலே. பழைய மலாய் மாயம் சற்றுக் கனம், 3.37 கிராம், அதைப் பன்னிரண்டு 'சாகா'வாகப் பிரிப்பார்கள். சாகா வேறொன்றும் இல்லை, நம் மஞ்சாடி விதைதான். நம் தட்டார்களும் அதே சிவப்பு விதையை வைத்துப் பொன் நிறுத்தவர்கள்தானே, இரண்டு குன்றிமணி ஒரு மஞ்சாடி என்று. வீட்டில் பல்லாங்குழிக்கு வைத்திருந்தால் நாலு விதையை எடுத்து டிஜிட்டல் தராசில் போட்டுப் பாருங்கள். ஒரு கிராமை ஒட்டித்தான் நிற்கும்.