பொறியியல் மாணவர்களுக்கு என்ட்ரோபியை எங்கிருந்து தொடங்கிக் கற்பிப்பது?

வீணாகிப்போன வேலையைக் கணக்கிடுவதிலிருந்து தொடங்குங்கள் என்பதே, வெப்ப இயக்கவியலைக் கற்பித்தும் அதற்குப் பாடக் குறிப்புகள் எழுதியும் வரும் என் பதில். என்ட்ரோபி என்றால் ஒழுங்கின்மை என்று முதல் வகுப்பிலேயே சொல்லிவிட்டால், மாணவர் அதை மனப்பாடம் செய்துகொள்வார். ஆனால் ஒரு டர்பைனையோ வெப்பப் பரிமாற்றியையோ கணக்கிட வேண்டி வரும்போது அந்த விளக்கம் அவருக்கு உதவுவதில்லை.

நான் முதலில் கொடுக்கும் கணக்கு இது. 800 கெல்வினில் உள்ள வெப்ப மூலத்திலிருந்து 1000 கிலோஜூல் வெப்பம் கிடைக்கிறது. சூழலின் வெப்பநிலை 300 கெல்வின். கார்னோ வரம்பின்படி, அதாவது வெப்பத்திலிருந்து பெறக்கூடிய வேலைக்குரிய உச்ச வரம்பின்படி, இதிலிருந்து அதிகபட்சம் 625 கிலோஜூல் வேலை பெறலாம். அதே வெப்பம், எந்த வேலையும் செய்யாமல் முதலில் 500 கெல்வினில் உள்ள ஒரு பொருளுக்குக் கடந்துவிட்டால், அதன்பின் பெறக்கூடியது 400 மட்டுமே. ஆற்றல் ஒரு ஜூல்கூடக் குறையவில்லை, ஆனால் 225 கிலோஜூல் வேலைக்கான வாய்ப்பு போய்விட்டது. இப்போது வெப்பத்தை வெப்பநிலையால் வகுக்கச் சொல்வேன்: மூலம் இழந்தது 1.25, பொருள் பெற்றது 2, வேறுபாடு கெல்வினுக்கு 0.75 கிலோஜூல். இதைச் சூழல் வெப்பநிலையான 300 ஆல் பெருக்கினால் அதே 225 வருகிறது. இந்த இடத்தில் மாணவர்கள் தாமாகவே நிமிர்ந்து உட்காருவதைப் பார்க்கிறேன். ஜெர்மானிய இயற்பியலாளர் கிளாசியுஸ் 1865இல், வெப்பத்தை வெப்பநிலையால் வகுத்து வரும் இந்த அளவுக்கு என்ட்ரோபி என்று பெயரிட்டார் என்பதை அதன் பிறகு சொன்னால் போதும். பிரெஞ்சுக்காரரான கார்னோவும் 1824இல் நீராவி எந்திரத்திலிருந்து அதிகபட்சம் எவ்வளவு வேலை பெறலாம் என்ற பொறியாளரின் கேள்வியிலிருந்துதான் தொடங்கினார். ஆற்றல் அழியா விதி நிலைபெறும் முன்பே அந்த வரம்பை அவர் கண்டடைந்தது எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது.

இதற்கு அடுத்து நேரம் செலவிட வேண்டியது, சூத்திரங்களுக்குரிய நிபந்தனைகளில். காப்பிடப்பட்ட கலத்தின் ஒரு பாதியில் 300 கெல்வினில் காற்று இருக்கிறது, மறுபாதி வெற்றிடம். தடுப்பை எடுத்தால் வெப்பநிலை என்னவாகும் என்று கேட்டால், பலர் வெப்பமாறா விரிவுக்கான (வெப்பம் உள்ளே வராமலும் வெளியே போகாமலும் நடக்கும் விரிவுக்கான) சூத்திரத்தை எடுத்து ஏறத்தாழ 227 கெல்வின் என்று எழுதுவார்கள். காற்றை இலட்சிய வாயுவாகக் கொண்டால் சரியான விடை 300 கெல்வின். வெப்பமும் கடக்கவில்லை, வேலையும் நடக்கவில்லை, ஆகவே அக ஆற்றல் மாறவில்லை; இலட்சிய வாயுவில் அது வெப்பநிலையை மட்டுமே சார்ந்தது. அந்தச் சூத்திரம் மீள் செயல்முறைக்கு (இழப்பின்றித் திருப்பி நடத்தக்கூடிய மாற்றத்துக்கு) மட்டுமே உரியது என்ற ஒரு வரி, பாடக் குறிப்பில் சூத்திரத்துக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும். அத்தியாயத்தின் தொடக்கத்தில் எங்கோ இருந்தால் தேர்வுக்குப் படிப்பவர் கண்ணில் அது படாது.

அமைப்பின் எல்லையை வரையாமல் எந்தக் கணக்கையும் தொடங்கவிடக் கூடாது என்பதிலும் நான் கண்டிப்பாக இருக்கிறேன். எது உள்ளே, எது வெளியே என்று தீர்மானிக்காதவருக்கு வெப்பம், வேலை ஆகியவற்றின் குறிகள் கடைசிவரை குழப்பமாகவே இருக்கும்.

மாணவர் புரிந்துகொண்டாரா என்று அறிய, உயர் அழுத்த நீராவி, அழுத்தத்தைக் குறைக்கும் குறுகிய திறப்பான ஒரு திராட்டில் வால்வு வழியாகச் செல்லும்போது எதை இழக்கிறோம் என்று கேளுங்கள். எந்தால்பி (அக ஆற்றலோடு அழுத்தம், பருமன் ஆகியவற்றின் பெருக்கத்தைக் கூட்டிய அளவு) மாறவில்லை என்பதோடு நிறுத்திவிடுபவருக்கு ஆற்றல் அழியா விதியான முதல் விதி மட்டும் தெரிந்திருக்கிறது. நீராவி அட்டவணையைத் திறந்து இருபுறமும் என்ட்ரோபியைப் பார்த்து, அந்த உயர்வைச் சூழல் வெப்பநிலையால் பெருக்கி, இழந்த வேலையை கிலோஜூலில் சொல்பவருக்குத் தயங்காமல் முழு மதிப்பெண் தரலாம்.