ஹார்ட் டிஸ்கை விற்கலாம், உரிமையை?

கேள்வி: மதுரையில் விஸ்காம் முடித்துவிட்டுக் கல்யாண வீடியோ எடிட் செய்கிறேன். சுதந்திரப் போராட்டம் பற்றிய ஆவணப்படத்துக்கு முதன்முறையாக எடிட்டராகக் கூப்பிட்டிருக்கிறார்கள். 1940களின் ஃபுட்டேஜ் மூன்று மணி நேரம், உரிமைக் கடிதத்தோடு 40,000 ரூபாய்க்குத் தருவதாக ஒரு புரோக்கர் சொல்கிறார். தயாரிப்பாளர் என்னையே பேசி முடிக்கச் சொல்கிறார். வாங்கலாமா?

பதில்: வாங்காதீர்கள். உரிமைக் கடிதம் என்று அவர் நீட்டுவது அவரே டைப் அடித்து அவரே சீல் வைத்த காகிதமாக இருக்கலாம். உண்மையான உரிமையாளர் யார், அவரிடமிருந்து இவர் கைக்கு எப்படி வந்தது என்று கேளுங்கள். அந்த ஒப்பந்தத்தைக் காட்டாதவரிடம் பேச ஒன்றுமில்லை.

சாம்பிள் கிளிப் ஒன்றை வாங்கி, மூலைகளைப் பெரிதாக்கி ஓட்டிப் பாருங்கள். படம் முழுக்கப் புள்ளி புள்ளியாகக் கிரெயின், அதாவது பழைய ஃபிலிமின் துகள், துள்ளும். ஓரத்தில் ஒரு சின்னச் செவ்வகம் மட்டும் மழுங்கிப்போய் அசையாமல் நிற்கும். உண்மையான உரிமையாளரின் லோகோவை அழித்த இடம் அது. பழைய செய்திப்படங்களை வைத்திருக்கும் பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014-ல் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. பார்க்கத்தான் இலவசம், நம் படத்தில் சேர்க்க லைசென்ஸ் வேண்டும். இப்படி யூடியூபில் கிடப்பதை இறக்கித்தான் ‘அபூர்வக் காட்சி’ என்று விற்கிறார்கள். பல புதிய எடிட்டர்கள் இதில் மாட்டிக்கொண்டதைப் பார்த்திருக்கிறேன்.

நம் நாட்டுச் சட்டப்படி, வெளியான ஒரு படத்துக்கு 60 வருடம்தான் காப்புரிமை. 1950-ல் வந்த இந்திய நியூஸ்ரீலுக்கு (தியேட்டரில் காட்டிய செய்திப்படம்) 2010 டிசம்பரோடு முடிந்துவிட்டது. ஆனால் அதில் கேட்கும் இசை வேறு கணக்கு. இசையமைப்பாளர் இறந்த பிறகு 60 வருடம் அதற்கு உரிமை உண்டு. அவர் 1980-ல் இறந்திருந்தால் 2040 முடியும்வரை அந்த இசையைத் தொட முடியாது. படம் பழசு, பாட்டும் பழசுதானே என்று நினைக்க வேண்டாம். சவுண்ட் டிராக்கைத் தூக்கிவிட்டுப் படத்தை மட்டும் வையுங்கள்.

செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் எடுக்க மத்திய அரசு 1948-ல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன், 2022-ல் அரசின் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகமான என்எஃப்டிசியோடு சேர்ந்துவிட்டது. அதன் படங்களுக்கு அங்கேயும், புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கும் தயாரிப்பாளர் பெயரில் இன்றைக்கே எழுதுங்கள். எந்த ஆவணக் காப்பகமானாலும் தாமதம் ஆகலாம். ஒரு அலுவலகத்தில் 40 வினாடிக் காட்சிக்கு ஏழு மாதம் அலைந்தேன். மக்கள் பணத்தில் எடுத்த படத்தை மக்களுக்குக் காட்ட இத்தனை இழுத்தடிப்பா? புரோக்கர்களை வளர்ப்பதே இதுதான்.

அப்புறம், உரிமை வாங்குவது தயாரிப்பாளர் பொறுப்பு என்று உங்கள் ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிவிடுங்கள். உங்கள் வேலை ஒரு பட்டியல் போடுவது: ஒவ்வொரு ஷாட்டுக்கும் எங்கிருந்து வந்தது, ரீல் எண், டைம்கோடு (ரீலில் அந்த ஷாட் வரும் நேரம்), எத்தனை வினாடி. காட்சிக்கான உரிமைக் கட்டணம் பெரும்பாலும் வினாடிக் கணக்கில்தான். உரிமையாளர் பார்வைக்குத் தரும் லோகோ போட்ட பிரிவ்யூ பிரதியிலேயே வெட்டி முடியுங்கள். எடிட் லாக் ஆன பிறகு, அதாவது இனி மாற்றமில்லை என்று முடிவான பிறகு, தேவையான வினாடிகளுக்கு மட்டும் பணம் கட்டி நல்ல ஸ்கேன் வாங்கச் சொல்லுங்கள்.