சானல் கரை வீட்டுக்கு ஆக்கிரமிப்பு நோட்டீஸ்: என்ன செய்யலாம்?

கேள்வி: கன்னியாகுமரி மாவட்டம் கல்குளம் தாலுகாவில் எங்களுக்கு 12 சென்ட் புரையிடம் (வீட்டு மனை) இருக்கிறது. கொல்லம் ஆண்டு 1120-இல் (1944-45) தாத்தா கிரையம் வாங்கியது. பத்திரம் மலையாளத்தில் உள்ளது. பட்டா அப்பா பெயரில். கிழக்குப் பக்கம் 3 சென்ட் சானல் (கால்வாய்) புறம்போக்கு என்று தாசில்தார் நோட்டீஸ் ஒட்டியிருக்கிறார். எங்கள் அடுக்களை அதில்தான் வருகிறது. இடித்துவிடுவார்களா?

பதில்: உடனே இடித்துவிட முடியாது. ஆனால் நோட்டீஸை வாங்கி வைத்துவிட்டு சும்மா இருந்தால் அதுவே உங்களுக்கு வினையாகும். அதில் எந்தப் பிரிவு என்று பாருங்கள். 1905-ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 7-வது பிரிவு என்றால், அது விளக்கம் கேட்கும் நோட்டீஸ்தான். உங்கள் பதிலைக் கேட்ட பிறகே 6-வது பிரிவில் வெளியேற்ற உத்தரவு போடலாம். குறித்த நாளுக்குள் எழுத்தில் பதில் கொடுத்து, நகலில் ஆபீஸ் சீலும் தேதியும் வாங்கிவிடுங்கள்.

பதிலின் உயிர் அந்தப் பழைய பத்திரத்தில்தான் இருக்கிறது. மலையாளம் நன்றாக வாசிக்கத் தெரிந்த ஒருவரை வைத்து நான்கெல்லையை வரி வரியாகப் படியுங்கள். கிழக்கெல்லையாக சானலைச் சொல்கிறதா, அடுத்தவர் புரையிடத்தையா? நீள அகலம் கொடுத்திருக்கிறதா? அதைப் புலப்படத்தோடும் (சர்வே எண்ணின் அளவு வரைபடம்) 'அ' பதிவேட்டோடும் (கிராம நிலப் பதிவேடு) வைத்துப் பாருங்கள். அடுக்களையையும் சேர்த்து அளந்தால்தான் 12 சென்ட் நிறைகிறது என்றால் உங்கள் கை பலமானது. உங்கள் பகுதி 1956-இல் தமிழ்நாட்டோடு சேருவதற்கு முந்தைய திருவிதாங்கூர் காலத்துக் கிரையம், பட்டா, தொடர்ந்து கட்டிய தீர்வை ரசீது எல்லாம் சேர்ந்தால் அது உண்மையான உரிமைத் தகராறு. அப்படிப்பட்ட தகராறை தாசில்தார் நோட்டீஸ் கொடுத்து வெளியேற்றும் இந்தச் சுருக்க நடவடிக்கையில் தீர்க்கக்கூடாது, அரசு சிவில் கோர்ட்டுக்குத்தான் போகவேண்டும் என்று தும்மல கிருஷ்ணராவ் வழக்கில் 1982-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பதிலில் அந்தத் தீர்ப்பைக் குறிப்பிடுங்கள். உங்கள் முன்னிலையில் சர்வேயர் அளக்க வேண்டும் என்றும் கேளுங்கள்.

அடுக்களை இல்லாமலே 12 சென்ட் சரியாக வந்தால், நிலைமை வேறு. எத்தனை வருடம் அனுபவித்திருந்தாலும் நீர்நிலைப் புறம்போக்கை விட்டுக்கொடுக்க நீதிமன்றங்கள் தயாராக இல்லை. அந்த நிலையில் வழக்குக்குச் செலவழிக்காமல், கட்டடத்தைப் பின்வாங்க அவகாசம் கேட்பதே நல்லது. 15 நாள் நோட்டீஸ் இல்லாமல் இடிக்கக்கூடாது என்ற 2024 நவம்பர் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. பொது இடத்திலும் நீர்நிலையிலும் உள்ள கட்டடங்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை என்று அதே தீர்ப்பில் இருக்கிறது. அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள்.

உங்கள் பதிலை மீறி 6-வது பிரிவில் உத்தரவு வந்தால் தாமதிக்காமல் மேல்முறையீடு செய்யுங்கள், தடை மனுவும் சேர்த்து. அது நிலுவையில் இருக்கும்போதே ஜேசிபி வந்தால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போடலாம். அதற்குள் யாராவது வந்து "சும்மா ஒரு கையெழுத்து" என்று பேப்பர் நீட்டினால், படிக்காமல் போடாதீர்கள். 'ஆக்கிரமிப்பை நானே அகற்றிக்கொள்கிறேன்' என்று அதில் ஒரு வரி இருந்தால் தாத்தாவின் பத்திரத்தை வைத்து வாதாடுவது மிகவும் கடினமாகிவிடும்.